ஜார்ஜியா பிரிந்தது மாநில உரிமைக்காகவா, அடிமை முறைக்காகவா? – 1860 மில்லெட்ஜ்வில் விவாதம்

நெல்லைக்காரன்

அமெரிக்க உள்நாட்டுப் போர் என்றாலே "அடிமை முறைக்காக நடந்த போர்" என்று ஒரே வரியில் முடித்துவிடுகிறோம். ஜார்ஜியா மாநிலத்தின் கதையைப் படிக்கப் படிக்க எனக்கு அந்த ஒரு வரி போதவில்லை. அதனால்தான் இந்த இழை.

என் சந்தேகங்களைச் சொல்லிவிடுகிறேன். ஜார்ஜியாவின் வெள்ளையர் குடும்பங்களில் பெரும்பாலானவற்றிடம் ஓர் அடிமைகூடக் கிடையாது. தனக்கு இல்லாத சொத்தைக் காப்பாற்ற எவன் துப்பாக்கி தூக்குவான்? அடுத்து, அதிபர் தேர்தலில் லிங்கன் வென்ற ஒரு வாரத்தில் தலைநகர் மில்லெட்ஜ்வில்லில் நடந்த விவாதத்தில் செனட்டர் ராபர்ட் டூம்ப்ஸ் சுங்கவரியைப் பற்றி நீளமாகப் பேசினார். வடக்கின் ஆலை முதலாளிகள் கொழிக்கத் தெற்கின் பருத்திக்காரன் வரி கட்டுகிறான் என்பது அவர் வாதம். அப்புறம் அலெக்ஸாண்டர் ஸ்டீஃபன்ஸ். அமெரிக்க ஒன்றியத்திலிருந்து பிரிவினை வேண்டாம் என்று அதே மன்றத்தில் நின்று வாதாடியவர், மூன்றே மாதத்தில் பிரிந்துபோன தென் மாநிலங்கள் அமைத்த கூட்டமைப்பின் துணை அதிபர் ஆனார். எல்லாமே அடிமை முறைக்காகத்தான் என்றால், அதை ஆதரித்த ஒருவர் பிரிவினையை ஏன் எதிர்க்க வேண்டும்? தன் மாநிலத்தின் முடிவுக்குக் கட்டுப்பட்டார் என்றுதான் எனக்குத் தோன்றுகிறது. அது மாநில உரிமைக் கொள்கை இல்லாமல் வேறென்ன?

விவரம் தெரிந்தவர்கள் எழுதுங்கள்.

ஏட்டுச்சுவடி

நல்ல கேள்விகள். ஸ்டீஃபன்ஸிலிருந்தே தொடங்குகிறேன். அவரைப் புரிந்துகொண்டால் ஜார்ஜியாவின் முக்கால்வாசிக் கதை புரிந்துவிடும்.

1860 நவம்பர் 6 அன்று லிங்கன் வென்றார். ஜார்ஜியாவில் அவருக்கு வாக்களிக்க வழியே இருக்கவில்லை. அவர் கட்சி அங்கே களத்திலேயே இல்லை. அந்தச் சமயத்தில் மாநிலச் சட்டமன்றம் கூடியிருந்தது. பகலில் சட்டமன்ற வேலை, மாலையில் அதே மன்றத்துக்கு ஒவ்வொரு தலைவராக அழைத்துப் பேச வைத்தார்கள். 12ஆம் தேதி தாமஸ் காப் பிரிவினைக்கு ஆதரவாகப் பேசினார். அடிமைச் சட்டத்தைப் பற்றிப் பெரிய நூல் எழுதிய வழக்கறிஞர் அவர். 13ஆம் தேதி டூம்ப்ஸ். வாளை என் கையில் கொடுங்கள், கொடுக்காவிட்டால் நானே எடுத்துக்கொள்வேன் என்று முழங்கினார். 14ஆம் தேதி ஸ்டீஃபன்ஸ். மறுநாள் பெஞ்சமின் ஹில், அவரும் பொறுமை காக்கச் சொன்னவர். 19ஆம் தேதி ஹென்றி பென்னிங் மறுபடியும் பிரிவினைப் பக்கம்.

ஸ்டீஃபன்ஸ் மெலிந்த, எப்போதும் நோயில் கிடந்த மனிதர். அன்று அவர் ஆற்றிய உரையை நிதானமாகப் படித்துப் பாருங்கள். லிங்கன் அரசியல் சட்டப்படி வென்றிருக்கிறார். ஒருவர் தேர்தலில் வென்றார் என்பதற்காக ஒன்றியத்தை உடைக்கக் கூடாது. அமெரிக்க நாடாளுமன்றமான காங்கிரஸின் இரு அவைகளிலும் அவருக்கு எதிரான பெரும்பான்மை இருக்கிறது. செனட் சம்மதிக்காமல் அவரால் ஓர் அமைச்சரைக்கூட நியமிக்க முடியாது. ஆகவே நம்மை அவரால் ஒன்றும் செய்ய முடியாது, காத்திருந்து பார்ப்போம் என்கிறார். தப்பி ஓடும் அடிமைகளைத் திருப்பித் தர மறுத்துச் சட்டம் போட்ட வட மாநிலங்களிடம் அந்தச் சட்டங்களை ரத்து செய்யச் சொல்லிக் கேட்போம், அதற்காக மாநில மாநாடு ஒன்றைக் கூட்டுவோம் என்கிறார்.

இந்த உரையில் எங்காவது அடிமை முறை தவறு என்று ஒரு சொல் உண்டா? இல்லை. அவர் கேட்டதெல்லாம், நம்முடைய இந்த ஏற்பாடு எங்கே பத்திரமாக இருக்கும், ஒன்றியத்துக்கு உள்ளேயா வெளியேயா என்பதுதான். டூம்ப்ஸ் வெளியே என்றார். ஸ்டீஃபன்ஸ் உள்ளே என்றார். எதைக் காப்பது என்பதில் இருவருக்கும் இம்மியளவு கருத்து வேறுபாடு கிடையாது. இருவரும் பக்கத்துப் பக்கத்துக் கவுண்டிக்காரர்கள் (கவுண்டி என்றால் நம்மூர் மாவட்டம் மாதிரி), வாழ்நாள் நண்பர்கள், இருவருமே அடிமைகளை வைத்திருந்தவர்கள். ஸ்டீஃபன்ஸ் பேசி முடித்ததும் அவருக்காக மூன்று முறை வாழ்த்தொலி எழுப்பச் சொன்னதே டூம்ப்ஸ்தான்.

அந்த உரையைப் பத்திரிகையில் பார்த்த லிங்கன் திருத்திய பிரதி ஒன்றைக் கேட்டு நவம்பர் 30 அன்று கடிதம் எழுதினார். பிறகு டிசம்பர் 22 அன்று இன்னொரு கடிதம். தெற்கிலுள்ள அடிமைகள் விஷயத்தில் தன் அரசு நேராகவோ மறைமுகமாகவோ தலையிடாது என்று அதில் உறுதி சொல்கிறார். முடிக்கும்போது, அடிமை முறை சரி, அது விரிவடைய வேண்டும் என்று நீங்கள் நினைக்கிறீர்கள். அது தவறு, கட்டுக்குள் வைக்க வேண்டும் என்று நாங்கள் நினைக்கிறோம். சிக்கல் இதுதான் என்கிறார். இரு தரப்பையும் முழுக்க அறிந்தவர் எழுதிய வரி அது. அதில் சுங்கவரி இல்லை.

1861 மார்ச் 21 அன்று சவானா நகரில் துணை அதிபராக ஸ்டீஃபன்ஸ் ஆற்றிய உரை இன்னும் பிரபலம். புதிய அரசின் மூலைக்கல்லே கறுப்பர் வெள்ளையருக்குச் சமமல்லர் என்ற பெரிய உண்மைதான், அடிமைத்தனம் அவர்களுடைய இயல்பான நிலை என்றார். பலர் இதை அவர் மனம் மாறியதாகப் படிக்கிறார்கள். நவம்பர் உரையும் மார்ச் உரையும் ஒரே மனிதரின் ஒரே கொள்கை. நடுவே மாறியது வழி மட்டும்தான்.

நெல்லைக்காரன்

ஏட்டுச்சுவடி ஐயா, விளக்கத்துக்கு நன்றி. ஆனால் சுங்கவரியை அவ்வளவு எளிதாக ஒதுக்கிவிட முடியாது. 1860 மே மாதமே மோரில் மசோதா கீழவையில் நிறைவேறிவிட்டது. வரி கடுமையாக உயரப் போகிறது என்ற அச்சம் உண்மையான அச்சம். விளைந்த பருத்தியை இங்கிலாந்துக்கு விற்று, அங்கிருந்து சாமான் வாங்கும் ஊருக்கு இறக்குமதி வரி என்றால் அது வயிற்றில் அடிப்பதுதானே?

கணக்குவாத்தியார்

சுங்கவரிக்கு நான் பதில் சொல்கிறேன், பொருளாதார வரலாறுதான் என் பாடம்.

நீங்கள் சொல்லும் மோரில் மசோதா கீழவையில் நிறைவேறியது சரி. செனட்டில் அது கிடப்பில் கிடந்தது. 1861 பிப்ரவரியில் அங்கே நிறைவேறியதற்குக் காரணமே தென் மாநில செனட்டர்கள் எழுந்து போய்விட்டதுதான். டூம்ப்ஸும் கூட்டாளிகளும் இருக்கையில் உட்கார்ந்திருந்தால் அதைத் தடுத்திருக்கலாம். பிரிவினையைத் தூண்டிய சட்டம் என்று சொல்லப்படுவது, பிரிவினை நடந்ததால் பிறந்த சட்டம்.

அப்போது நடைமுறையில் இருந்தது 1857ஆம் ஆண்டு வரி. அந்த நூற்றாண்டின் மிகக் குறைந்த வரிகளில் அதுவும் ஒன்று. நவம்பர் 14 அன்று ஸ்டீஃபன்ஸ் இதையே டூம்ப்ஸின் முகத்துக்கு நேரே சொன்னார். இப்போதுள்ள வரிக்கு மாசசூசெட்ஸும் தென் கரோலினாவும் சேர்ந்தே வாக்களித்தன என்றார். கூட்டத்தில் இருந்த டூம்ப்ஸ் குறுக்கிட்டு, அது வரியைக் குறைத்த சட்டம் என்றார். ஆமாம், குறைப்பதற்காக மாசசூசெட்ஸ் தெற்கோடு சேர்ந்து வாக்களித்தது என்று ஸ்டீஃபன்ஸ் திருப்பிக் கொடுத்தார். நான் படித்த சட்டமன்ற விவாதங்களில் இவ்வளவு கூர்மையான பதிலடி குறைவு.

இன்னும் வலுவான சாட்சி, பிரிவினையை முடிவுசெய்யக் கூட்டிய ஜார்ஜியா மாநாடு 1861 ஜனவரி 29 அன்று ஏற்ற காரண அறிக்கை. எழுதியவர் டூம்ப்ஸ். அதில் வடக்கின் கப்பல்காரர்கள், மீன்பிடிக்காரர்கள், ஆலைக்காரர்கள் பெற்ற சலுகைகள் எல்லாம் வருகின்றன, உண்மை. ஆனால் அந்தச் சண்டை 1846ஆம் ஆண்டு வரிச் சட்டத்தோடு தீர்ந்துவிட்டது என்று அந்த அறிக்கையே சொல்கிறது. பாதுகாப்பு வரி தோற்றுப்போனதால்தான் வடக்கின் அந்த வியாபாரக் கூட்டம் அடிமை எதிர்ப்போடு கைகோத்தது என்பது அறிக்கையின் தர்க்கம். அறிக்கையின் முதல் பத்தியிலேயே, கடந்த பத்து ஆண்டுகளாக அடிமை வைக்காத மாநிலங்கள் மீது நமக்குள்ள புகார்கள் ஆப்பிரிக்க அடிமை முறை சார்ந்தவை என்று தெளிவாகப் போட்டிருக்கிறார்கள்.

சரி, கணக்குக்கு வருவோம். 1860 மக்கள்தொகைக் கணக்கெடுப்பில் ஜார்ஜியாவின் மொத்த மக்கள் 10,57,286. அவர்களில் அடிமைகளாக இருந்தவர்கள் 4,62,198. நூற்றுக்கு 44 பேர். வர்ஜீனியாவை விட்டால் நாட்டிலேயே அதிகம். உடைமையாளர்கள் 41,084 பேர். நாடு முழுக்க அடிமைகளுக்குச் சந்தை போட்ட மதிப்பு, அன்றைய ரயில் பாதைகளும் ஆலைகளும் சேர்ந்த மதிப்பைவிட அதிகம். ஜார்ஜியாவில் வங்கிக் கடன் வாங்க ஈடாக வைத்ததும் மகளுக்குச் சீதனமாகக் கொடுத்ததும் மனிதர்களைத்தான். வரி நாலு சதவீதம் ஏறினால் நஷ்டம். இந்தச் சொத்து போனால் அந்த வர்க்கமே இல்லை. இரண்டையும் ஒரே தட்டில் வைக்காதீர்கள்.

பொன்னி

வாத்தியாரின் கணக்கு உடைமையாளர்களுக்குச் சரி. நெல்லைக்காரனின் முதல் கேள்வி அப்படியே இருக்கிறதே. அடிமை இல்லாத ஏழை வெள்ளையன் ஏன் இதற்குப் பின்னால் போனான்? எனக்கும் இதுதான் புரியாத இடம்.

ஏட்டுச்சுவடி

பொன்னி, அதே கேள்வி அன்றைய ஆளுநர் ஜோசப் பிரவுனையும் தூங்கவிடவில்லை. வடக்கு மலைப்பகுதியில் ஏர் பிடித்து வளர்ந்தவர் அவர். தோட்ட முதலாளிகள் அவரை முதலில் ஏளனமாகத்தான் பார்த்தார்கள். ஏழை வெள்ளையரிடம் அவருக்கு இருந்த செல்வாக்கு டூம்ப்ஸுக்கோ காப் சகோதரர்களுக்கோ கிடையாது. தேர்தல் முடிந்த மறுநாளே நவம்பர் 7 அன்று சட்டமன்றத்துக்குச் செய்தி அனுப்பி, மாநிலப் பாதுகாப்புக்குப் பத்து லட்சம் டாலர் கேட்டார்; கிடைத்தது. டிசம்பர் 7 அன்று பொதுக் கடிதம் ஒன்று வெளியிட்டார். அதன் பெரும்பகுதி அடிமை இல்லாதவர்களை நோக்கி எழுதப்பட்டது.

லிங்கன் அரசு ஒருநாள் அடிமைகளை விடுவிக்கும், அப்போது உடைமையாளர்களுக்கு ஈடு கொடுக்க வேண்டிவரும் என்று தொடங்குகிறார். 45 லட்சம் பேர், தலைக்கு 500 டாலர் வீதம் 225 கோடி டாலர்; அதை வரியாகக் கட்டப்போவது யார், நீங்களும்தானே என்கிறார். அடுத்து, தோட்ட முதலாளி அடிமைகளில் போட்ட பணத்தை நிலத்தில் போடுவான், நல்ல நிலமெல்லாம் அவன் கைக்குப் போகும், நீங்கள் குத்தகைக்காரர்கள் ஆவீர்கள். விடுதலையானவர்கள் உங்களோடு கூலிக்குப் போட்டியிடுவார்கள், கூலி சரியும், மலைப்பகுதிக்கும் வந்து சேர்வார்கள். அப்புறம்தான் அவருடைய முக்கிய வாதம்: இங்கே ஏழை வெள்ளைத் தொழிலாளி சமமானவனாக மதிக்கப்படுகிறான், அவன் ஏவல் வேலை செய்யும் இனத்தைச் சேர்ந்தவன் அல்ல.

இந்தக் கடைசி வாதத்துக்கு அடிமை வைத்திருக்கத் தேவையே இல்லை. ஒரு காணி நிலமும் ஒரு மாடும் உள்ளவனுக்கும் தனக்குக் கீழே நாலரை லட்சம் பேர் இருக்கிறார்கள் என்ற நிச்சயம் இருந்தது. அது பறிபோகும் என்று பயமுறுத்தினார்கள். நெல்லைக்காரன் "இல்லாத சொத்து" என்கிறார். பிரவுன் பேசியது அந்தஸ்தைப் பற்றி, அது ஒவ்வொரு வெள்ளையன் வீட்டிலும் இருந்தது. எனக்கு இந்தக் கடிதத்தைப் படிக்கும்போதெல்லாம் வயிற்றைப் பிசைகிறது. இவ்வளவு கெட்டிக்காரத்தனமும் மக்களை அறிந்த அறிவும் இப்படி ஒரு காரியத்துக்குப் பயன்பட்டிருக்கிறது.

வடக்குமலை

நான் பத்து வருடத்துக்கு மேலாக அட்லாண்டாவுக்கு வடக்கே வசிக்கிறேன். பிரவுனின் கடிதம் எல்லா மலைக்காரர்களையும் மசிய வைத்துவிடவில்லை என்பதைச் சேர்த்துக்கொள்ளுங்கள். பிக்கன்ஸ் கவுண்டியில் மாநிலம் பிரிந்த பிறகும் சில வாரங்கள் அமெரிக்கக் கொடி பறந்தது. படை அனுப்பி இறக்கச் சொன்னார்கள்; பிரவுன் கண்டுகொள்ளாமல் விட்டுவிட்டார். தன் ஆட்களை அவருக்குத் தெரியும்.

ஓட்டுக் கணக்கு இன்னும் முக்கியம். நவம்பர் அதிபர் தேர்தலில் தீவிரத் தெற்கு வேட்பாளர் பிரெக்கின்ரிட்ஜுக்கு ஜார்ஜியாவில் பாதிக்குச் சற்றுக் குறைவாகவே கிடைத்தது. மிச்சம் பெல்லுக்கும் டக்ளஸுக்கும் போனது. இருவரும் ஒன்றியத்தைக் காக்கச் சொன்னவர்கள். மாநாட்டுப் பிரதிநிதிகளுக்கான தேர்தல் 1861 ஜனவரி 2. அன்று மாநிலம் முழுக்கக் கடும் மழை. ஆறு தாண்டி, மலை இறங்கி வரவேண்டிய வாக்காளர்கள் பலர் வரவில்லை. அதற்குள் இன்னொன்றும் நடந்துவிட்டது. டிசம்பர் 23 அன்று டூம்ப்ஸ் வாஷிங்டனிலிருந்து தந்தி அடித்தார்: சமரசத்துக்கு வழியில்லை, மார்ச் 4க்குள் பிரிவினை என்று வாக்குப்பெட்டியிலிருந்து இடி முழங்கட்டும். தென் கரோலினா 20ஆம் தேதியே போய்விட்டிருந்தது. ஊரெல்லாம் கொந்தளிப்பு.

தேர்தல் முடிவை பிரவுன் உடனே வெளியிடவில்லை. ஏப்ரல் வரை இழுத்தார். அப்போது அவர் சொன்ன கணக்கு, பிரிவினைக்கு 50,243, எதிராக 37,123. பிறகு 1972இல் மைக்கேல் ஜான்சன் என்ற வரலாற்று ஆய்வாளர் கவுண்டி கவுண்டியாக எண்ணிப் பார்த்தார். ஏறக்குறைய சரிபாதி, எதிர்த்தவர்கள் ஒரு துளி கூடுதலாகவே இருந்திருக்கலாம் என்பது அவர் முடிவு. எதிர்ப்பாளர் என்று சொல்லி ஓட்டு வாங்கிப்போன சிலர் மாநாட்டில் மாறி வாக்களித்ததை பிரவுன் தனக்குச் சாதகமாகக் கணக்கில் சேர்த்துக்கொண்டார்.

மக்கள் வாக்குப்படி பிரிந்தோம் என்ற கதையிலேயே இவ்வளவு ஓட்டை. ஜனவரி 3ஆம் தேதியே, மாநாடு கூடும் முன்பே, சவானா ஆற்று முகத்தில் இருந்த புலாஸ்கி கோட்டையை பிரவுன் மாநிலப் படையை விட்டுப் பிடித்துவிட்டார். முடிவு எடுத்த பிறகு விவாதம் நடத்தினார்கள்.

நெல்லைக்காரன்

வடக்குமலை அண்ணா, இது எனக்குப் புதுச் செய்தி. மாநாட்டில் என்ன நடந்தது?

வடக்குமலை

ஜனவரி 16 அன்று கூடியது, 301 பிரதிநிதிகள். ஜனவரி 18 அன்று முன்னாள் நீதிபதி நிஸ்பெட் பிரிவினைத் தீர்மானத்தைக் கொண்டுவந்தார். மற்ற தென் மாநிலங்களோடு கலந்து பேசி முதலில் நிபந்தனைகள் வைப்போம் என்று ஹெர்ஷெல் ஜான்சன் ஒரு மாற்றுத் தீர்மானம் வைத்தார். அது எடுபடவில்லை. நிஸ்பெட்டின் தீர்மானம் 166க்கு 130 என்று நிறைவேறியது. பதினெட்டுப் பேர் பக்கம் மாறியிருந்தால் ஜார்ஜியா அன்று பிரிந்திருக்காது. மிசிசிப்பி, புளோரிடா, அலபாமா மூன்றும் ஏற்கெனவே போய்விட்டிருந்தன. நடுவில் இவ்வளவு பெரிய மாநிலம் நின்றுவிட்டால் கூட்டமைப்பு இரண்டு துண்டாகத்தான் கிடந்திருக்கும். மறுநாள் இறுதிப் பிரகடனம் 208க்கு 89. ஹில் ஆதரவாக வாக்களித்தார். ஸ்டீஃபன்ஸும் ஜான்சனும் எதிராகவே வாக்களித்தார்கள். ஆறு பேர் எங்களுக்கு இதில் சம்மதமில்லை என்று எழுதிவைத்தே கையெழுத்திட்டார்கள்.

அந்தப் பழைய தலைமைச் செயலகக் கட்டடம் மில்லெட்ஜ்வில்லில் இன்னும் இருக்கிறது, தீ விபத்துக்குப் பிறகு மீண்டும் கட்டியது. இப்போது ராணுவக் கல்லூரி. அந்தப் பக்கம் போனால் பாருங்கள்.

சவானா மல்லி

எல்லோரும் நன்றாக எழுதியிருக்கிறீர்கள். ஆனால் இவ்வளவு நேரம் யாருடைய வாழ்க்கையைப் பற்றிப் பேசினார்களோ அவர்கள் இந்த இழையில் எண்ணிக்கையாக மட்டுமே வந்திருக்கிறார்கள். நான் சவானாவில் இருக்கிறேன். இங்கிருந்து பார்த்தால் விவாதம் வேறு மாதிரித் தெரிகிறது.

மில்லெட்ஜ்வில் பேச்சுகளுக்கு ஒன்றரை வருடம் முன்பு, 1859 மார்ச் 2, 3 தேதிகளில், சவானாவுக்கு வெளியே குதிரைப் பந்தய மைதானத்தில் பியர்ஸ் பட்லர் என்ற தோட்ட முதலாளி கடனை அடைக்கத் தன் ஆட்களை ஏலம் விட்டார். பட்டியலில் 436 பேர். கைக்குழந்தைகளும் உண்டு. இரண்டு நாளும் விடாமல் மழை. மொத்த வசூல் 3,03,850 டாலர். அம்மா ஒரு கவுண்டி, வளர்ந்த மகன் வேறு மாநிலம். கறுப்பின மக்கள் அந்த நாட்களை அழுகையின் காலம் என்று இன்றும் நினைவுகூர்கிறார்கள். இந்த ஏலம் நடந்த ஊரிலேயே, ரெண்டு வருஷம் கழித்து ஸ்டீஃபன்ஸ் மூலைக்கல் உரையை நிகழ்த்தினார். கைதட்டியவர்களில் ஏலத்துக்குப் போனவர்கள் இல்லாமலா இருந்திருப்பார்கள்?

இன்னொன்று. ஜார்ஜியா தொடங்கும்போது அடிமை முறை இங்கே தடை. 1733இல் குடியேற்றம், 1735இல் தடைச் சட்டம். 1739இல் டேரியன் ஊரின் ஸ்காட்லாந்துக் குடியேறிகள் பதினெட்டுப் பேர், தடையை நீக்காதீர்கள் என்று மனுவே கொடுத்தார்கள். ஒரு மனித இனமும் அதன் சந்ததியும் நிரந்தர அடிமைகளாக இருப்பது மனித இயல்புக்கே அதிர்ச்சி தருவது என்று அதில் எழுதினார்கள். 1751இல் தடை போய்விட்டது. ஆகவே அந்தக் காலத்து ஆட்களுக்கு அது தவறு என்று தெரியாது என்ற பேச்சை நான் ஏற்கமாட்டேன். தெரிந்தது, எழுதிவைத்தார்கள், நூற்றாண்டுக்கு முன்பே.

தெரிந்ததால்தான் அவ்வளவு அடக்குமுறை. 1831இல் பாஸ்டனின் அடிமை எதிர்ப்புப் பத்திரிகையாசிரியர் காரிசனைப் பிடித்துத் தண்டனை வாங்கித் தருபவருக்கு ஜார்ஜியா சட்டமன்றம் 5,000 டாலர் பரிசு அறிவித்தது. அடிமைக்கு எழுதப் படிக்கக் கற்றுக்கொடுப்பது குற்றம். சவானாவில் சூசி கிங் என்ற சிறுமி புத்தகத்தைத் தாளில் சுற்றி மறைத்துக்கொண்டு ரகசியப் பள்ளிக்குப் போனாள். போர்க்காலத்தில் அவளே ஆசிரியை ஆனாள். எஜமான் மனமிரங்கி உயில் எழுதி விடுதலை செய்வதைக்கூட 1859இல் தடை செய்தார்கள். மாநில உரிமை என்கிறீர்களே நெல்லைக்காரன், சாகும் எஜமானின் உரிமையைக்கூட இந்த மாநிலம் விட்டுவைக்கவில்லை.

நெல்லைக்காரன்

மல்லி, உங்கள் கோபம் நியாயம். அடிமை முறையை நான் ஒருபோதும் நியாயப்படுத்தவில்லை, அதைத் தெளிவாகச் சொல்லிவிடுகிறேன். என் கேள்வி கொள்கை பற்றியது. போர் நடக்கும்போதே 1862இல் கூட்டமைப்பு அரசு கட்டாய ராணுவச் சேவை கொண்டுவந்தது. அதை எதிர்த்து அதிபர் டேவிஸோடு மோதியவர்கள் இதே பிரவுனும் ஸ்டீஃபன்ஸும். தங்கள் சொந்த அரசையே மாநில உரிமை பேசி எதிர்த்தார்கள் என்றால், அந்தக் கொள்கையில் அவர்களுக்கு உண்மையான பிடிப்பு இருந்தது என்றுதானே பொருள்?

ஏட்டுச்சுவடி

பிடிப்பு இருந்தது, மறுக்கவில்லை. பிரவுன் கடைசிவரை கூட்டமைப்பின் தலைநகரான ரிச்மண்டோடு சண்டை போட்டார். ஆனால் இரண்டு கொள்கைகளும் மோதிய இடங்களில் எது ஜெயித்தது என்று பாருங்கள். பிடிப்பின் ஆழம் அங்கேதான் தெரியும்.

1848 டிசம்பரில் மேக்கன் நகரிலிருந்து எல்லன் கிராஃப்ட், வில்லியம் கிராஃப்ட் தம்பதி தப்பினார்கள். வெளிர் நிறமுடைய எல்லன் நோயாளியான வெள்ளை முதலாளியாக ஆண் வேடம் போட, வில்லியம் அவருடைய வேலைக்காரனாக நடிக்க, ரயிலிலும் கப்பலிலும் பயணம் செய்து கிறிஸ்துமஸ் அன்று பிலடெல்பியா சேர்ந்தார்கள். 1850இல் தப்பியோடிய அடிமைகளைத் திருப்பிப் பிடித்துத் தரச் சொல்லும் புதிய மத்தியச் சட்டம் வந்ததும் மேக்கனிலிருந்து ஆட்கள் பாஸ்டனுக்கே தேடிப் போனார்கள். பாஸ்டன் மக்கள் அவர்களை விரட்டினார்கள், தம்பதி இங்கிலாந்துக்குப் போனார்கள். மாசசூசெட்ஸ் தன் மண்ணில் நிற்பவரைத் தன் சட்டப்படி காக்க நினைத்தது. அது மாநில உரிமை. அதை மத்திய அரசின் கையால் நசுக்கச் சொன்னது ஜார்ஜியா. தப்பியோடிய அடிமைகள் சட்டத்தை ஒழுங்காக அமல்படுத்தினால்தான் ஒன்றியத்தில் இருப்போம் என்று 1850 டிசம்பரிலேயே மாநாடு கூட்டித் தீர்மானம் போட்ட மாநிலம் இது.

பிரிந்த பிறகு எழுதிய கூட்டமைப்பு அரசியல் சட்டமும் அப்படியே. கறுப்பு அடிமைகள் மீதான சொத்துரிமையைக் குறைக்கும் எந்தச் சட்டத்தையும் காங்கிரஸ் இயற்றக் கூடாது என்று அதில் வெளிப்படையாக எழுதினார்கள். வரைவதில் பெரும்பங்கு வகித்தவர் அதே தாமஸ் காப். புதிதாகப் பிடிக்கும் நிலப்பகுதிகளிலும் அடிமை முறை செல்லும் என்று எழுதிவைத்தார்கள். 1861 பிப்ரவரி 18 அன்று பென்னிங் ஜார்ஜியாவின் தூதராக வர்ஜீனியா மாநாட்டுக்குப் போனார். ஏன் பிரிந்தீர்கள் என்பதற்கு அவர் ஒரே காரணம்தான் சொன்னார்: வடக்கிலிருந்து விலகினால் மட்டுமே அடிமை முறை ஒழிப்பைத் தடுக்க முடியும் என்ற ஆழ்ந்த நம்பிக்கை. வர்ஜீனியாவையும் இழுத்துவரப் போன தூதர் சொன்னது இது. மாநில உரிமைதான் காரணம் என்றால் அங்கே அதைச் சொல்ல யார் தடுத்தார்கள்?

போருக்குப் பிறகு ஸ்டீஃபன்ஸ் இரண்டு பெரிய தொகுதிகள் எழுதினார். அதில் எல்லாமே அரசியல் சட்டத் தத்துவம், மத்திய அதிகாரத்துக்கும் மாநில அதிகாரத்துக்கும் நடந்த போட்டி. நீங்கள் சொல்லும் விளக்கம் பெரும்பாலும் அங்கிருந்துதான் கிளம்பியது நெல்லைக்காரன். தோற்றுப்போன பின் 1868இல் எழுதியதையும், ஜெயிப்போம் என்று நம்பிய 1861இல் ஊர் கூடிய மன்றத்தில் பேசியதையும் பக்கத்தில் வைத்துப் படியுங்கள். நான் 1861ஐத்தான் நம்புவேன்.

பொன்னி

ஹோவெல் காப் பற்றியும் ஒன்று சேர்க்கிறேன், தாமஸ் காப்பின் அண்ணன், மத்திய நிதியமைச்சர் பதவியை 1860 டிசம்பரில் உதறிவிட்டு ஜார்ஜியாவுக்கு வந்தவர். 1865 ஜனவரியில் கூட்டமைப்பு தோற்கும் தறுவாயில், அடிமைகளைப் படையில் சேர்க்கலாமா என்ற பேச்சு எழுந்தது. காப் எழுதிய கடிதத்தில், அடிமைகள் நல்ல சிப்பாய்களாக ஆவார்கள் என்றால் அடிமை முறை பற்றிய நம் கோட்பாடு முழுவதும் தவறு என்று இருக்கிறது. நாடு காப்பாற்றப்பட வேண்டும் என்றால் அந்தக் கடைசி நேரத்திலாவது சேர்த்திருக்கலாமே. அவருக்கு மனசு வரவில்லை.

சவானா மல்லி

பொன்னி சொன்ன அதே மாதம், அதே ஜனவரி 1865, 12ஆம் தேதி இரவு, சவானாவில் வடக்குப் படையின் ஜெனரல் ஷெர்மன் தங்கியிருந்த வீட்டில் இருபது கறுப்பின மதகுருமார் கூடினார்கள். போர்த்துறை அமைச்சர் ஸ்டாண்டனும் வந்திருந்தார். உங்களுக்கு என்ன வேண்டும் என்று ஒரு மத்திய அமைச்சர் இவர்களிடம் உட்கார்ந்து கேட்டார். அவர்கள் சார்பில் பேசியவர் கேரிசன் ஃப்ரேசியர், 67 வயது. தன்னையும் தன் மனைவியையும் ஆயிரம் டாலர் கொடுத்துத் தானே வாங்கியவர். அடிமை முறை என்றால் என்ன என்று கேட்டார்கள். இன்னொருவருடைய உழைப்பை, அவர் சம்மதமில்லாமல், எதிர்க்க முடியாத பலத்தால் வாங்கிக்கொள்வது என்றார். நிலம் வேண்டும், அதை எங்கள் கையால் உழுது எங்களை நாங்களே காப்பாற்றிக்கொள்ள வேண்டும் என்றார்.

நான்கு நாளில் ஷெர்மனின் 15ஆம் எண் கள உத்தரவு வந்தது: கடலோரத் தீவுகளும் கைவிடப்பட்ட நெல் வயல்களும் குடும்பத்துக்கு 40 ஏக்கர் வரை. அந்த ஆண்டு முடிவதற்குள் அதிபர் ஆண்ட்ரூ ஜான்சன் பெரும்பாலான நிலத்தைப் பழைய உடைமையாளர்களுக்கே திருப்பிக் கொடுத்துவிட்டார். அந்தச் சந்திப்பின் முழுப் பதிவும் கேள்வி பதிலாகவே கிடைக்கிறது. மில்லெட்ஜ்வில் உரைகளைப் படிக்கும் ஆட்கள் இதையும் படியுங்கள். ஐந்து இரவு பேசிய பெரிய வழக்கறிஞர்கள் யாரும் தொடாத கேள்விக்கு ஃப்ரேசியர் ஒரே வாக்கியத்தில் பதில் சொல்லியிருக்கிறார்.

நெல்லைக்காரன்

படிக்கிறேன் மல்லி. ஜனவரி 29 அறிக்கையையும் பென்னிங்கின் வர்ஜீனியா உரையையும் சேர்த்தே படிக்கிறேன். அடிமை முறைதான் வேர் என்பதில் இனி எனக்கு மறுப்பு இல்லை. பிரவுன் ஏப்ரல் வரை தேர்தல் முடிவை மறைத்தது பற்றி மட்டும் இன்னும் விவரம் வேண்டும். வடக்குமலை அண்ணா, கவுண்டி வாரியான கணக்கு கையில் இருந்தால் இங்கேயே போடுங்கள்.